கடல் முள்ளெலிக்கு வழித்துணை

கொல்லிமலைக்குப் போகிறவர்கள் திரும்பும்போது மிளகும் மலைவாழையும் வாங்கி வருவார்கள். நான் போகும்போதே ஒரு வாளி கடல் தண்ணீரும், அது போதாதென்று ஒரு கேன் கடல் தண்ணீரும் தூக்கிக்கொண்டு போனேன். வாளிக்குள் மூன்று கடல் முள்ளெலிகள். மடியில் வாளி, காலுக்கிடையில் கேன், தோளில் துணிப்பை. காரவள்ளியில் பஸ் நின்றபோது கண்டக்டர் என் பக்கம் வந்து, வாளி மூடியில் செருகியிருந்த காற்று மோட்டார் முனகுவதைச் சற்று நேரம் குனிந்து கேட்டார்.

"மீனுங்களா?"

"இல்லண்ணே. கடல் முள்ளெலி."

"கடிக்குங்களா?"

"பாசியத்தான் கடிக்கும்."

அவர் அதை நம்பினாரா தெரியாது. ஆனால் அதற்குப் பிறகு என்னைத் தாண்டிப் போகும்போதெல்லாம் காலை உயர்த்தி வைத்துத்தான் போனார்.

தூத்துக்குடியில் ஒரு கல்லூரியில் கடலுயிர்த் தொட்டிகளைப் பார்த்துக்கொள்வது என் வேலை. தண்ணீர் மாற்றுவேன், தீனி போடுவேன், எது சோர்ந்திருக்கிறது எது முறைத்துக்கொண்டிருக்கிறது என்று பார்ப்பேன். நண்டு வலையில் மாட்டி வரும் முள்ளெலிகளை எங்கள் பக்கம் யாருக்கும் பிடிக்காது. வலையைச் சிக்கலாக்கும், விரலைக் குத்தும், விலையும் போகாது. கரையில் வீசிவிடுவார்கள். அப்படி வீசப்போனவற்றில் மூன்றைத்தான் கேட்டு வாங்கி, கொஞ்ச நாள் தொட்டியில் தேற்றி, இப்போது மலைக்குக் கொண்டு போகிறேன். எல்லாம் என் தங்கை மலருக்காக. அவள் மேலே திருப்புலி நாட்டில் ஒரு சிற்றூர்ப் பள்ளியில் டீச்சர்.

எழுபது கொண்டை ஊசி வளைவு என்று கேள்விப்பட்டதுதான். ஒவ்வொரு வளைவுக்கும் எண் போட்டுப் பலகை வைத்திருப்பது யாருடைய யோசனையோ, அவர் நன்றாக இருக்கட்டும். பதினைந்தாம் வளைவில் வயிற்றைப் பிடித்துக்கொண்டு, இன்னும் எத்தனை பாக்கி என்று கணக்குப் போட்டால் அழுகைதான் வரும். ஆடி மாதக் காற்றில் நாட்டுப் படகில் உட்கார்ந்து சோறு தின்றவள் நான். அந்தப் பெருமையெல்லாம் முப்பதாம் வளைவோடு சரி. ஜன்னலுக்கு வெளியே தலையை நீட்டினேன். பின் சீட்டு அம்மா ஒருத்தர் என் முதுகைத் தடவியபடியே, "மொதத் தடவைங்களா? எறங்கறப்ப இன்னும் மோசமா இருக்குமுங்க" என்று ஆறுதல் சொன்னார்.

நான் வெளியே தலையை நீட்டியிருந்த அந்த நேரம் பார்த்துத்தான் கேன் சாய்ந்தது. மூடி எங்கேயோ உருண்டது. மலையேறுகிற பஸ்ஸில் தண்ணீர் பின்னால்தான் ஓடும், வளைவுக்கு வளைவு இடமும் வலமும் ஆடியும் ஓடும். சீட்டுக்கு அடியில் இருந்த பைகளையெல்லாம் சனங்கள் தூக்கி மடியில் வைத்துக்கொண்டார்கள். கடைசி சீட்டில் இருந்த ஒருவர் விரலால் தொட்டு நாக்கில் வைத்துப் பார்த்து, "உப்புங்க, வெறும் உப்பு" என்று எல்லாருக்கும் அறிவித்தார்.

"கடலுக்கும் டிக்கெட் போட்டிருக்கோணும்" என்றார் கண்டக்டர். பஸ்ஸே சிரித்தது. எனக்கும் சிரிப்பு வந்துவிட்டது. வாளி மட்டும் மடியில் பத்திரமாக இருந்தது. இனி இதுதான் இருப்பு, ஒரு சொட்டுச் சிந்தக்கூடாது என்று கட்டிப்பிடித்துக்கொண்டேன்.

சோளக்காட்டில் இறங்கியதும் குளிர் காதைப் பிடித்தது. தை மாதம். எங்கள் ஊரில் அந்த மாதத்திலும் மின்விசிறி ஓடும். இங்கே வாழைத்தாருக்கும் ஆரஞ்சுக் குவியலுக்கும் நடுவே ஆட்கள் மப்ளர் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். மலர் ஒரு ஜீப்போடு காத்திருந்தாள். என்னைக் கட்டிப்பிடிப்பாள் என்று பார்த்தால், வாளி மூடியைத்தான் முதலில் திறந்தாள்.

"உயிரோட இருக்குல்லா?"

"நான் இருக்கேனான்னு கேட்க மாட்டியோ?"

"நீ எங்கக்கா போயிரப் போற" என்றாள்.

ஜீப்பில் போகும்போது விஷயத்தை மறுபடி விரிவாகச் சொன்னாள். அவள் பள்ளியில் ஏழு, எட்டாம் வகுப்புப் பிள்ளைகள் யாரும் கடலைப் பார்த்ததில்லை. எங்கள் கல்லூரிக் கூடத்தில் தங்கவைத்து இரண்டு நாள் கடலைக் காட்டுவதாக ஏற்பாடு. வேன்கூடப் பேசியாகிவிட்டது. பிள்ளைகள் ஒரு மாதமாக அதே நினைப்பில் இருக்கிறார்கள். ஆனால் பெற்றோர்கள் மாட்டேன் என்கிறார்கள். டிவியில் அலை ஊருக்குள் வருவதைப் பார்த்ததிலிருந்து அவர்களுக்குக் கடல் என்றாலே அதுதான். நாளை மதியம் பள்ளியில் கூட்டம். அதில் சரி என்று சொன்னால் மறுநாள் வேன் கிளம்பும். இல்லையென்றால் கதை முடிந்தது.

"வாயால சொல்லிச் சொல்லிப் பாத்துட்டேன். கடல்ல இருந்து ஒண்ணு உயிரோட வந்து அவங்க முன்னால நடந்துச்சுன்னா பயம் போகும்னு தோணுச்சு. மீன் வேண்டாம், சந்தையில செத்த மீனத்தான் பாத்திருக்காங்க. இது புதுசு, கைக்கு அடக்கமா இருக்கு" என்றாள் மலர்.

"யாரு ரொம்ப மறிக்கது?"

"எங்க வீட்டுக்கார அம்மா. சின்னப்பொண்ணு. நீ ராத்திரி தங்கப் போறதும் அங்கதான்."

பெயர்தான் சின்னப்பொண்ணு. நாற்பது வயது, ஓங்குதாங்கான ஆள். மிளகு காயவைத்திருந்த முற்றத்தில் நின்றபடியே, "வாங்க சாமி, குளுருல வந்திருக்கீங்க" என்று கையிலிருந்த வாளியை வாங்கிக்கொண்டாள். கணவர் ராசிபுரம் பக்கம் கட்டட வேலைக்குப் போயிருந்தார். மகள் ரேவதி ஏழாம் வகுப்பு. அம்மாவுக்குத் தெரியாமல் என்னைப் பார்த்துக் கும்பிட்டு, வாளியையும் பார்த்துக் கும்பிட்டாள்.

சாப்பாட்டைப் பற்றிச் சொல்லாமல் போனால் எனக்குப் பாவம். சாமைச் சோறு, மொச்சைக் குழம்பு, வேகவைத்த குச்சிக்கிழங்கு, அப்போது தட்டிப்போட்ட மிளகில் ரசம். மீன் இல்லாமல் சோறு இறங்காத ஆள் நான். அன்று மூன்று தடவை வாங்கிச் சாப்பிட்டேன். பஸ்ஸில் காலியான வயிறு வேறு. "இன்னுங் கொஞ்சம் போட்டுக்கங்க கண்ணு, கூச்சப்படாதீங்க" என்று சின்னப்பொண்ணு சொல்வதற்கு முன்பே என் தட்டு நீண்டுவிட்டது.

சாப்பிட்டதும் வாளியைத் திறந்து காட்டினேன். மூன்றும் பச்சையும் ஊதாவும் கலந்த நிறம், குட்டை முள். பெரியது ஒன்று ஆரஞ்சுப்பழம் அளவு, மற்ற இரண்டும் எலுமிச்சை அளவு. பெரியதைக் கையில் எடுத்துச் சின்னப்பொண்ணின் உள்ளங்கையில் வைத்தேன். முள் ஒவ்வொன்றும் தனித்தனியாக அசைந்து அது நகர ஆரம்பித்ததும் அவள் கை கூசி, தோள் வரை சிலிர்த்தாள். கீழே மட்டும் போடவில்லை.

"முள்ளுலயே நடக்குதுங்களே. கண்ணு எங்கிங்க?"

"கண்ணு கிடையாது. உடம்பு முழுக்கவே வெளிச்சத்த உணரும். முள்ளுக்கு நடுவுல நூல் மாதிரி கால் இருக்கு பாருங்க, அதால பிடிச்சுக்கும். வாய் அடியில. கடல்புல்லு, பாசி இதுதான் ஆகாரம்."

"அப்ப ஆடுதானுங்க அது" என்றாள் சின்னப்பொண்ணு.

இத்தனை வருடத்தில் எனக்கு அது தோன்றியதில்லை. ஆமாம், ஆடுதான். எங்கள் கடலில் ஆழம் குறைந்த இடங்களில் புல்வெளி இருக்கிறது. அங்கே இவை கூட்டமாக மேயும். பவளப்பாறையில் பாசியைச் சுரண்டித் தின்னும். இவை இல்லாவிட்டால் பாசி மண்டிப் பவளத்தை மூடிவிடும். அளவுக்கு மீறிப் பெருகினாலோ புல்லை மொட்டையடித்துவிடும். கிளாத்தி போன்ற மீன்கள் இவற்றை உடைத்துத் தின்று ஓர் அளவில் வைத்திருக்கும். அந்த மீன்களையெல்லாம் நாம் பிடித்துத் தின்றுவிட்டால் கணக்குக் கெட்டுப்போகும். இதையெல்லாம் சொன்னேன். அவள் தலையாட்டிக் கேட்டுவிட்டு, "இங்கயும் அதே கததானுங்க. ஆட்ட வுட்டா தளிரு போயிரும், வுடாட்டி பொதரு மண்டும்" என்றாள்.

சரி, ஆள் மசிந்துவிட்டாள் என்று நினைத்து மெதுவாகப் பயணப் பேச்சை எடுத்தேன். வாளி மூடியை அவளே மூடினாள்.

"உங்க முள்ளு ஆடு நல்லாத்தான் இருக்குதுங்க. ஆனா ரேவதிய அனுப்ப மாட்டேனுங்க. அடி தெரியாத தண்ணி அது. எங்களுக்கும் கடலுக்கும் என்னங்க சம்பந்தம்? நாங்க மலையில இருக்கறவங்க."

மலர் என்னைப் பார்த்தாள். நான் முள்ளெலியைப் பார்த்தேன். குளிரில் அவை சோர்ந்துவிடும் என்று சொன்னதும் சின்னப்பொண்ணு தானே வாளியை எடுத்துப்போய்ச் சமையல்கட்டில் அடுப்புச் சூடு படுகிற மூலையில் வைத்தாள். எதிர்ப்புக் கட்சிதான், ஆனால் உபசரிப்பில் குறை வைக்கவில்லை.

மறுநாள் காலை நானும் மலரும் ஓடையில் குளிக்கப் போனோம். அந்தத் தண்ணீரில் குளித்ததைப் பற்றி எழுதினால் இப்போதும் பல் கிடுகிடுக்கும். ஆனால் குளித்து வெளியே வந்ததும் உடம்பு பஞ்சாகிவிட்டது. பாறையில் வெயில் படும் இடத்தில் சற்று நேரம் உட்கார்ந்தோம். மேகம் எங்களுக்குக் கீழே கிடந்தது. நீ இங்கே சம்பளத்துக்கு வேலை பார்க்கிறாயா, இல்லை சுற்றுலா வந்தாயா என்று தங்கையைக் கேட்டேன். இரண்டும்தான் என்றாள். வீட்டுக்குத் திரும்பும்போது நான் பாடிக்கொண்டு வந்ததாக அவள் இன்றும் சொல்கிறாள். நான் பாடமாட்டேன், ஆனால் பாடியிருக்கலாம்.

சமையல்கட்டில் வாளி பளபளவென்று இருந்தது. வெளிப்புறம் சாம்பல் போட்டுத் துலக்கியிருந்தது. மூடியைத் திறந்தேன். தண்ணீர் பளிங்காக இருந்தது. அடியில் மூன்றும் முள் தொய்ந்து கிடந்தன. உதிர்ந்த முட்கள் சில அடியில் கிடந்தன.

"தண்ணி ஒரு மாதிரி வாடை அடிச்சுதுங்க" என்றாள் சின்னப்பொண்ணு பெருமையாக. "ஊத்துத் தண்ணி மாத்தி வெச்சிருக்கேன். விருந்தாளி கண்ணு முளிக்கறதுக்குள்ள பழய தண்ணிய மாத்தி, புதுத் தண்ணி வெச்சிரோணும். எங்கூருல அது வழக்கமுங்க. உங்க சொம்புலயும் மாத்திட்டேன்."

எனக்குக் கோபம் வந்தால் வாய் நிற்காது. கல்லூரியில் அதற்காகவே எனக்கொரு பட்டப்பெயர் உண்டு. கொன்னுட்டீங்களே என்று கத்திவிட்டேன். அவள் முகம் வெளுத்தது. ரேவதி வாசலில் நின்று அழ ஆரம்பித்தாள். மலர் என் கையைப் பிடித்து, "திட்டினது போதும்க்கா, என்ன செய்யணும்னு சொல்லு" என்றாள்.

முள்ளெலியின் உடம்புக்குள் இருப்பதும் கடல் தண்ணீர்தான். வெளியே உப்புக் குறைந்தால் நல்ல தண்ணீர் உள்ளே ஏறிக்கொண்டே இருக்கும், தடுக்க அதற்கு வழியில்லை. அதனால்தான் ஆற்று முகத்துவாரத்தில் இதைப் பார்க்க முடியாது. பெருமழையில் தாமிரபரணி வெள்ளம் கடலில் சேர்ந்த பிறகு கரையில் இவை ஒதுங்கிக் கிடப்பதைப் பார்த்திருக்கிறேன். ஆனால் வாளித் தண்ணீரை நாக்கில் வைத்துப் பார்த்தபோது லேசாகக் கரித்தது. அவற்றைக் கவிழ்த்துவிடக்கூடாது என்று சின்னப்பொண்ணு அடித் தண்ணீரைக் கொஞ்சம் விட்டுத்தான் மாற்றியிருக்கிறாள். அந்தக் கவனத்தால்தான் காப்பாற்ற இன்னும் நேரம் இருந்தது.

"பழைய தண்ணிய எங்க ஊத்துனீங்க?"

"தூக்கியாந்த தண்ணிய யாருங்க கீழ ஊத்துவா? மாட்டுத் தொட்டியில ஊத்துனேன்."

ஓடினோம். செவலைப் பசு தொட்டிக்குள் மூக்கை விட்டு, கண்ணை மூடிக்கொண்டு, சொட்டுச் சொட்டாக ரசித்து மன்னார் வளைகுடாவைக் குடித்துக்கொண்டிருந்தது. மாட்டுக்கு உப்பு என்றால் உயிர். இழுத்தால் வரவில்லை. சின்னப்பொண்ணு அதன் முகத்தைத் தள்ளிப் பிடித்துக்கொள்ள, நானும் மலரும் மிச்சத்தை மொண்டோம். பாதிக்கு மேல் போயிருந்தது. பசு எங்கள் கையையும் நக்கிப் பார்த்தது. அவ்வளவு பதற்றத்திலும் மலருக்குச் சிரிப்பு வந்து, மொண்ட தண்ணீரில் பாதியைச் சிந்தினாள்.

மிச்சத்தைத் துண்டில் வடிகட்டினோம். போதாது. உப்பு வேண்டும் என்றேன். சின்னப்பொண்ணு பரணிலிருந்து கல்லுப்புப் பொட்டலத்தை எடுத்து வந்தாள். பொட்டலத்தில் எங்கள் ஊர்ப் பெயர் இருந்தது. எங்கள் வீட்டு மாடியில் நின்றால் தெரியும் உப்பளத்தில் விளைந்தது. எனக்கு முன்னாலேயே எழுபது வளைவும் ஏறி, வயிற்றைப் பிரட்டாமல் வந்து, அவள் பரணில் உட்கார்ந்திருக்கிறது.

"உங்களுக்கும் கடலுக்கும் என்ன சம்பந்தம்னு நேத்து கேட்டீங்களே. இதுதான். தினம் உங்க சோத்துல இருக்கது எங்க கடல்தான்" என்றேன்.

அவள் பொட்டலத்தில் இருந்த பெயரை விரலால் தடவிப் பார்த்தாள். பிறகு, "எத்தன உப்புங்க போடோணும்?" என்று மட்டும் கேட்டாள்.

ஒரு லிட்டருக்கு முப்பத்தைந்து கிராம். வியாபாரி தராசை நம்பமுடியாது என்று மிளகு நிறுக்க அவள் சொந்தமாக ஒரு சின்னத் தராசு வாங்கி வைத்திருந்தாள். அதில் நிறுத்தோம். ஊற்றுத் தண்ணீரில் உப்பைக் கரைத்து, வடிகட்டி, மாடு மிச்சம் வைத்த கடல் தண்ணீரோடு சேர்த்தோம். ஒரேயடியாக ஊற்றினால் அதுவே அதிர்ச்சியாகிவிடும். துணித் திரியைப் போட்டுச் சொட்டுச் சொட்டாக வாளிக்குள் இறங்கவிட்டேன். நிரம்பி வழிவதை ரேவதி டம்ளரால் மொண்டு எடுத்தாள். இடையிடையே நான் நாக்கில் வைத்துப் பார்த்தேன், சின்னப்பொண்ணும் வைத்துப் பார்த்தாள். உப்பு மட்டும் போட்டால் கடல் ஆகிவிடாது, கடலில் இன்னும் என்னென்னவோ உண்டு. ஆனாலும் ஓரிரு நாள் தாங்கும்.

"எங்க தண்ணி அவ்வளவு ஆகாதுங்களா?" என்று மெல்லக் கேட்டாள். அவளுக்கு அதுதான் வலித்திருக்கிறது. அந்த ஊற்றுத் தண்ணீரை வைத்து அவள் யாரையும் தோற்கடித்துவிடுவாள் என்று அப்புறம் தெரிந்துகொண்டேன்.

"எனக்கு அமிர்தம். நேத்து எத்தனை சொம்பு குடிச்சேன்னு உங்களுக்கே தெரியும். இதுக்குத்தான் சேராது" என்றேன். கத்தியதற்கு மன்னிப்பும் கேட்டேன். அவள், "வுடுங்க சாமி, எம்புள்ளைக்குன்னாலும் அப்படித்தான் கத்தியிருப்பேன்" என்றாள்.

கூட்ட நேரத்துக்குள் சின்னவை இரண்டும் முள்ளை லேசாக அசைக்க ஆரம்பித்தன. பெரியது அப்படியே கிடந்தது.

பள்ளியில் ஒரு வகுப்பறையில் பெற்றோர்கள் கூடியிருந்தார்கள். ஜன்னலுக்கு வெளியே பிள்ளைகள். மலர் அகலமான கண்ணாடிப் பாத்திரம் ஒன்றை மேசையில் வைத்தாள். வாளித் தண்ணீரை ஊற்றி மூன்றையும், கூடவே மோட்டார் குழாயையும் அதில் விட்டேன். சின்னவை ஓரத்தில் ஒண்டிக்கொண்டன. நடுவில் கிடந்த பெரியதைத்தான் எல்லாரும் பார்த்தார்கள். முன்வரிசையில் இருந்த ஒருவர் எழுந்து வந்து குனிந்து பார்த்து, "டீச்சர், இது ஏதோ காஞ்ச காயாட்டம் இருக்குது. செத்துப்போச்சுங்க" என்றார். பின்னால் யாரோ, "கடல்ல இருந்து வந்ததே தாங்கல. நம்ம புள்ளைங்க கடலுக்குப் போயி என்ன ஆவறது?" என்றார்கள். நாலைந்து தலைகள் ஆமாம் என்று அசைந்தன.

உயிர் இருக்கிறதா என்று பார்க்க எங்கள் தொட்டிக்கூடத்தில் ஒரே வழிதான். முள்ளெலியைத் தலைகீழாகக் கவிழ்க்க வேண்டும். உயிரும் தெம்பும் இருந்தால் அது தானே புரண்டு நிமிர்ந்துகொள்ளும். இல்லையென்றால் அப்படியே கிடக்கும். அதை அத்தனை பேருக்கும் எடுத்துச் சொன்னேன். சொன்ன பிறகுதான், திரும்பாவிட்டால் என்ன ஆகும் என்ற யோசனை வந்தது. வாயை முதலில் விட்டுவிட்டு அப்புறம் யோசிப்பதே என் பிழைப்பு.

கவிழ்த்தேன். அடியிலிருந்த வாய் மேலே வந்தது. ஐந்து வெள்ளைப் பற்கள் ஒரு புள்ளியில் கூடி நிற்பதைப் பார்த்ததும், "பல்லு, பல்லு" என்று ஜன்னலிலிருந்து சத்தம். பிள்ளைகள் உள்ளே வந்துவிட்டார்கள், யாரும் தடுக்கவில்லை. பற்கள் அசையவில்லை. மோட்டார் குமிழி விடும் சத்தம் மட்டும் கேட்டது. முன்வரிசைக்காரர் கையைக் கட்டிக்கொண்டு நின்றார்.

முதலில் பார்த்தது ரேவதிதான். "நூலு வருதுங்க" என்றாள்.

ஒரு பக்கத்தில் முள்ளுக்கு நடுவிலிருந்து ஒரு நூல் கால் நீண்டு, அடிக் கண்ணாடியைத் தேடித் தொட்டு, ஒட்டிக்கொண்டது. அதற்குப் பக்கத்தில் இன்னொன்று. பிறகு பத்து. முட்கள் ஊன்றின. உடம்பு கொஞ்சமாகச் சாய்ந்தது. எல்லாரும் மேசைமேல் குனிந்தோம். பாதி எழுந்து நின்று, இனி முடியாது என்பதுபோல் ஓய்ந்தது. "திரும்பு சாமி, திரும்பு" என்று யாரோ சொல்ல, பிள்ளைகள் எல்லாரும் அதையே பிடித்துக்கொண்டார்கள். மறுபடி நூல்கள் நீண்டன. மெதுவாக, மிக மெதுவாக, விளிம்பில் நின்று, பொத்தென்று குடைசாய்ந்து நிமிர்ந்தது. வகுப்பறை அதிர்ந்தது. முன்வரிசைக்காரர் கட்டியிருந்த கையை அவிழ்த்துத் தட்டிக்கொண்டிருந்தார்.

ரேவதி அம்மாவின் கொண்டையில் ஒட்டியிருந்த மிளகிலை ஒன்றை எடுத்துப் பாத்திரத்தில் போட்டாள். வேண்டாம் என்று சொல்ல வாயெடுத்தேன், அதற்குள் முள்ளெலி அதைப் பிடித்துவிட்டது. இந்த வகை தலையில் எதையாவது தூக்கி வைத்துக்கொள்ளும். கடலில் சிப்பித்துண்டு, புல், கல். வெயிலுக்கு மறைவாகவும் இருக்கும், எதிரி கண்ணில் படாமலும் இருக்கும். இது மலைக்கு வந்து மிளகிலையைக் காலுக்குக் கால் கைமாற்றி உச்சியில் ஏற்றிக் குடையாக்கிக்கொண்டது. "வெயிலுக்குத் துண்டு போட்டுருச்சுங்க" என்றார் ஒருவர். சிரிப்பு அடங்க வெகு நேரம் ஆனது.

சிரித்தார்கள், சரி. கடலுக்கு அனுப்புவதாக யாரும் சொல்லவில்லை. மலர் கேட்டாள். அப்போதுதான் சின்னப்பொண்ணு எழுந்தாள். மாட்டேன் என்று அவள் சொல்லிவிட்டால் மற்ற எல்லாரும் அதைத்தான் சொல்வார்கள் என்று எங்களுக்குத் தெரியும். மலர் என் விரலை நெரித்தாள்.

"எங்கூட்டுக்கு விருந்தாளியா வந்துச்சு" என்றாள் சின்னப்பொண்ணு, பாத்திரத்தைக் காட்டி. "எங்கையால நோவு கண்டுச்சு. நம்மூட்டுல நோவு கண்டவங்கள நாம தனியா அனுப்பறதுண்டா? ஊட்டாளு ஒருத்தரு கூடப் போயி, அவங்க வாசல்ல வுட்டு, அவங்கூட்டுல ஒரு வாய் தண்ணி குடிச்சுட்டுத்தான் திரும்போணும். நாளைக்கு நான் இதக் கூட்டிட்டுப் போயி அதோட ஊட்டுல வுட்டுட்டு வாரேன். ரேவதியும் வரட்டும். எங்கூட வர்ற புள்ளைங்க வரலாம். நான் பாத்துக்கறேனுங்க."

அந்த ஊரில் அந்த வழக்கத்துக்கு எதிராகப் பேச ஆள் கிடையாது. முன்வரிசைக்காரர், "அப்ப எம்மவளும் வரட்டும், நானும் வாரேன்" என்றார். அதற்கப்புறம் வேனில் இடம் போதுமா என்பதுதான் பிரச்சினை. மலர் வெளியே போய்க் கைக்குட்டையால் மூக்கைச் சிந்திவிட்டு வந்தாள். நானும் கண்ணைத் துடைத்துக்கொண்டேன். சந்தோஷத்தில் அழுவது எங்கள் குடும்ப வியாதி.

இறங்கும்போது பஸ் அம்மா சொன்னது பலித்தது. ஆனால் இந்த முறை நான் தனியாள் இல்லை, வேனே ஜன்னலில் தொங்கியது. வாளி சின்னப்பொண்ணின் மடியில். வளைவுக்கு வளைவு அதைத் தூக்கிப் பிடித்து, "இருங்க, இருங்க, வந்துட்டோம்" என்று அதனோடு பேசிக்கொண்டே வந்தாள். சமவெளியில் ஒரு ஓட்டலில் நிறுத்தியபோது எல்லாரும் இறங்கிச் சாப்பிட்டார்கள். அவள் மட்டும் வாளியை விட்டு இறங்கமாட்டேன் என்று இட்லியை வேனுக்கே வரவழைத்தாள். ஓட்டல்காரர் எட்டிப்பார்த்து, "என்னம்மா, மீனா?" என்றார். "விருந்தாளிங்க" என்று முடித்துக்கொண்டாள்.

மறுநாள் காலை, தண்ணீர் வற்றும் நேரத்தில், நான் வழக்கமாகப் போகும் கரைக்குக் கூட்டிப்போனேன். மணல்மேட்டைத் தாண்டியதும் பிள்ளைகளின் பேச்சு நின்றது. கடல் அன்று குளம்போல் கிடந்தது. முன்வரிசைக்காரர் மகளின் கையை இறுகப் பிடித்துக்கொண்டு, "இத்தனையும் தண்ணிங்களா?" என்று என்னிடம் கேட்டார். ஆமாம் என்றேன். வேறென்ன சொல்வது.

முழங்கால் ஆழத்தில் கடல்புல் வெளி. சேலையைச் செருகிக்கொண்டு சின்னப்பொண்ணு என்னோடு இறங்கினாள். முதல் அலை காலைத் தொட்டதும் என் தோளைப் பிடித்தாள், பிடியை விடவில்லை, ஆனால் நிற்கவும் இல்லை. அடியில் புல்லுக்கிடையே வேறு முள்ளெலிகள் இருப்பதைக் காட்டினேன். ஒவ்வொன்றும் தலையில் ஒரு சிப்பியைத் தூக்கி வைத்திருந்தது. "சொந்தக்காரங்க எல்லாம் இருக்காங்களே" என்றாள். வாளியில் கொஞ்சம் கொஞ்சமாகக் கடல் தண்ணீரைச் சேர்த்துப் பழக்கினேன். மிளகிலையை மட்டும் எடுத்து ரேவதியிடம் கொடுத்தேன். பிறகு மூன்றையும் சின்னப்பொண்ணு தன் கையாலேயே புல்லில் இறக்கினாள். பெரியது சற்று நேரம் சும்மா இருந்தது. பிறகு ஒரு சிப்பித்துண்டைத் தேடிப் பிடித்துத் தலையில் ஏற்றத் தொடங்கியது.

"ஊடு வந்துருச்சு" என்றாள்.

நான் கரைக்குத் திரும்பினேன். அவள் வரவில்லை. அங்கேயே நின்று, குனிந்து, இரண்டு கையாலும் கடலை அள்ளினாள். என்ன செய்யப் போகிறாள் என்று எனக்குப் புரிவதற்குள் ஒரு வாய் குடித்து விழுங்கிவிட்டாள். முகம் கோணியது, கண்ணில் நீர் முட்டியது, துப்பவில்லை.

"உங்க கணக்கு சரிதானுங்க" என்றாள் என்னைப் பார்த்து. "நம்மூட்டுல கலக்குனது இதே ருசிதான்."

கரையில் நின்ற பிள்ளைகள் ஒரு நொடி பார்த்தார்கள். வழித்துணையாக வந்தவர்கள் அவர்களும்தானே. எல்லாரும் கூட்டமாகத் தண்ணீருக்குள் ஓடி, ஆளுக்கு ஒரு கை அள்ளிக் குடித்தார்கள். முன்வரிசைக்காரரும் குடித்தார். இருமலும் சிரிப்பும் துப்பலுமாகக் கடற்கரை அமர்க்களப்பட்டது. மலர் கையைக் குவித்துக்கொண்டு என்னைப் பார்த்தாள். நானும் குனிந்து ஒரு வாய் அள்ளிக் குடித்தேன்.